கட்டை தெரிந்தால் கட்டும் கேமா? – லெகோ வீடியோ கேம் கேள்வி பதில்

மழை பிடித்துக்கொண்டால் மலையில் பிள்ளைகள் வீட்டுக்குள்தான். அதனால் இந்த இதழில் நீலகிரி வாசகர்கள் அனுப்பிய லெகோ கேம் கேள்விகள் மட்டும்.

கேள்வி: என் மகனுக்கு எட்டு வயது. லெகோ கட்டைகளைக் கொட்டி வைத்துக்கொண்டு மணிக்கணக்கில் கட்டுவான். கணினியிலும் அப்படிக் கட்டட்டும் என்று லெகோ ஸ்டார் வார்ஸ் வாங்கிக் கொடுத்தேன். அவனோ கண்ணில் பட்டதையெல்லாம் உடைத்துக்கொண்டே போகிறான். தவறான கேமை வாங்கிவிட்டேனா?
– இல்லத்தரசி, கோத்தகிரி

கேமில் குறை இல்லை. அது வேறு வகை, அவ்வளவுதான். அட்டையில் கட்டை தெரிந்தால் உள்ளே கட்டலாம் என்று நினைப்பது எல்லோருக்கும் நேர்வது.

டிராவலர்ஸ் டேல்ஸ் நிறுவனம் 2005இல் முதல் லெகோ ஸ்டார் வார்ஸைக் கொண்டுவந்தது. உடை, சிதறும் காசைப் பொறுக்கு, ஆளை மாற்றிக் கதவைத் திற, அடுத்த இடத்துக்குப் போ என்பதுதான் அதன் அச்சு. 2008இல் வந்த இண்டியானா ஜோன்ஸும் பேட்மேனும், 2010இன் ஹாரி பாட்டரும், 2013இன் மார்வெலும் அதே அச்சில் வார்த்தவை. அவற்றிலும் 'கட்டுவது' உண்டு. உடைத்த இடத்தில் துண்டுகள் குதித்துக்கொண்டிருக்கும். பக்கத்தில் நின்று ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தால் தானாகவே பாலமாகவோ நெம்புகோலாகவோ சேர்ந்துகொள்ளும். என்ன உருவாக வேண்டும் என்பதைக் கேம் செய்தவர்கள் முன்பே முடிவு செய்துவிட்டார்கள். உங்கள் மகன் பட்டனைப் பிடித்திருக்கும் வேலையைத்தான் செய்கிறான்.

உண்மையாகவே கட்டையை எடுத்துக் கட்டையின் மேல் வைக்கவிடும் கேம்கள் சில உண்டு. 2017இல் முழுமையாக வெளிவந்த லெகோ வேர்ல்ட்ஸ் திறந்தவெளி. மலையை வெட்டலாம், மேடு போடலாம், ஒவ்வொரு கட்டையாக வீடும் கட்டலாம். 2022இன் லெகோ பிரிக்டேல்ஸ் புதிர் வகை. குறிப்பிட்ட கட்டைகளைக் கொடுத்து, ஆள் நடந்தால் விழாத பாலம் கட்டு என்று கேட்கும். ரேஸ் வகையில் வண்டியை மட்டும் கட்டலாம். லெகோ ஃபோர்ட்நைட் பிழைத்துக் கிடக்கும் வகை. அதில் கட்டுவது உயிர் காக்க.

எட்டு வயதுக்கு வேர்ல்ட்ஸ் சரி. ஆனால் முதல் ஒரு மணி நேரத்தைப் பார்த்து ஏமாந்துவிடாதீர்கள். கருவிகள் ஒவ்வொன்றாகத்தான் கைக்கு வரும்; அதுவரை எடுபிடி வேலைதான். வேலை முடித்தால் தங்கக் கட்டை கிடைக்கும். 100 தங்கக் கட்டை சேர்ந்தால் மாஸ்டர் பில்டர் ஆகித் தனக்கென ஓர் உலகத்தையே உருவாக்கிக்கொள்ளலாம். ஒவ்வொரு கட்டையாகச் சுவர் எழுப்பினால் பையன் சலித்துப்போவான். ஒரு சுவரை மட்டும் ஒழுங்காகக் கட்டி, நகலெடுக்கும் கருவியால் மற்ற மூன்றையும் வைக்கச் சொல்லிக்கொடுங்கள்.

அடுத்த முறை வாங்கும் முன் அந்தக் கேம் ஓடும் வீடியோவை இரண்டு நிமிடம் பாருங்கள். திரையில் கட்டைகளின் பட்டியலும் நிற வரிசையும் வந்தால் அது கட்டும் கேம். நாலு இதயமும் காசுக் கணக்கும் மட்டும் தெரிந்தால் அது உடைக்கும் கேம்.

கேள்வி: முதல் லெகோ வீடியோ கேம் எது?
– கல்லூரி மாணவர், குன்னூர்

1995இல் ஜப்பானில் சேகா பிக்கோ என்ற குழந்தைகளுக்கான கருவிக்கு வந்த 'லெகோ ஃபன் டு பில்ட்'. பலர் 1997இன் லெகோ ஐலண்டைச் சொல்வார்கள். கணினியில் பெயர் வாங்கிக் கொடுத்தது அதுதான். மறு வருடமே லெகோ செஸ், லெகோ லோகோ, லெகோ கிரியேட்டர் என்று மூன்று வகையில் மூன்று வந்துவிட்டன.

கேள்வி: ஸ்டார் வார்ஸ் கம்ப்ளீட் சாகாவில் ஒரு வெள்ளிப் பெட்டியை அரை மணி நேரம் வெட்டியும் உடையவில்லை. என் கணினியில் கோளாறா?
– ஒன்பதாம் வகுப்பு மாணவி, உதகை

இல்லை. பளபளக்கும் வெள்ளி நிறப் பொருள் வெடிகுண்டு வைத்திருப்பவருக்கு மட்டுமே உடையும். வாளால் ஆயிரம் முறை வெட்டினாலும் அசையாது. கருமை மினுங்கும் பொருளை அசைக்க இருள் பக்கத்து (வில்லன் அணி) ஆள் வேண்டும். கதை முறையில் முதன்முதலாகப் போகும்போது அந்த ஆள் உங்கள் அணியில் இருக்கவே மாட்டார். அதைக் கடந்து போய்விடுங்கள். கதையை முடித்ததும் அதே லெவலைத் 'ஃப்ரீ பிளே'யில் திறந்தால், தேவையான திறமை உள்ளவர்களைக் கேமே பொறுக்கிச் சேர்த்துவிடும். குண்டு வைப்பவரை மட்டும் அதற்கு முன் காசு கொடுத்து வாங்கி வைத்திருக்க வேண்டும்.

வாங்கும் வரிசையில்தான் பலர் தவறுகிறார்கள். காசுக்கு இந்தக் கேம்களில் ஸ்டட் என்று பெயர். வெள்ளி 10, தங்கம் 100, நீலம் 1,000, ஊதா 10,000. கையில் சேர்ந்ததும் பிடித்த கதாபாத்திரங்களை வாங்கித் தீர்க்காதீர்கள். ஒளிந்திருக்கும் சிவப்புக் கட்டைகளில் சில, ஸ்டட் மதிப்பை 2, 4, 6, 8, 10 மடங்காக்கும். முதலில் 2 மடங்கை வாங்கி இயக்குங்கள். அது சம்பாதித்துத் தருவதில் 4, அதில் 6. எல்லாவற்றையும் ஒன்றாக இயக்கினால் கூட்டல் இல்லை, பெருக்கல்: 3,840 மடங்கு. ஒரு வெள்ளிக் காசு 38,400 ஆகிவிடும். அதன் பிறகு யாரை வேண்டுமானாலும் வாங்கலாம்.

கேள்வி: பேரனோடு சேர்ந்து விளையாட ஆசை. எனக்கு ஆங்கிலம் ஓடாது. திரையில் நான் ஒரு பக்கம் போனால் அவன் இன்னொரு பக்கம் இழுக்கிறான், சண்டை வருகிறது. எங்களுக்கு ஏற்றது எது?
– ஓய்வுபெற்ற தேயிலைத் தொழிற்சாலை ஊழியர், கூடலூர்

உங்கள் கேள்விக்குள் இரண்டு கேள்வி இருக்கிறது ஐயா.

மொழி: 2012இல் வந்த லெகோ பேட்மேன் 2இல்தான் பாத்திரங்கள் வாய் திறந்து பேச ஆரம்பித்தன. அதற்கு முந்தைய ஸ்டார் வார்ஸ், இண்டியானா ஜோன்ஸ், ஹாரி பாட்டர் முதல் பாகம் எல்லாம் ஊமைக்கூத்து. முனகல், சைகை, முகபாவம் போதும், கதை புரிந்துவிடும். குறிப்புகள் மட்டும் எழுத்தில் வரும். அதைப் பேரன் படித்துச் சொல்வான்.

இழுபறி: பழைய கேம்களில் இருவருக்கும் ஒரே கேமரா. ஒருவர் விளிம்புக்குப் போனால் மற்றவர் சுவரில் முட்டியதுபோல நின்றுவிடுவார். 2009இல் வந்த இண்டியானா ஜோன்ஸ் 2இல்தான் திரை தானாகப் பிரிந்து சேரும் வசதி வந்தது. ஹாரி பாட்டரிலும் அது உண்டு, பேச்சும் கிடையாது. ஆகவே உங்கள் இருவருக்கும் ஹாரி பாட்டர் 1–4. திரைப் பிளவு சாய்ந்து சாய்ந்து திரும்பும்; தலை சுற்றினால் அமைப்புகளில் போய்ப் பாருங்கள், நிலையாகப் பிரிக்கும் தேர்வு இருந்தால் அதை வையுங்கள். கன்ட்ரோலர் இரண்டு அவசியம். ஒரே கீபோர்டில் இருவர் என்றால் விரலோடு விரல் மோதும்.

லெகோ சிட்டி அண்டர்கவர் வாங்குவதானால் 2017இன் மறுபதிப்பையே வாங்குங்கள். 2013இல் நின்டெண்டோவின் வீ யூ கருவிக்கு வந்த முதல் பதிப்பில் இருவர் ஆட முடியாது.

கேள்வி: மழைக்காலத்தில் எங்கள் பக்கம் கரண்ட் எப்போது போகும் என்றே தெரியாது. லெவலில் முக்கால்வாசி போன பிறகு போனால் மறுபடி முதலிலிருந்து. இதற்கு வழி உண்டா?
– கடைக்காரர், மஞ்சூர்

எந்த வகைக் கேம் என்பதைப் பொறுத்தது. பழைய உடைக்கும் கேம்கள் லெவல் முடிந்த பிறகுதான் சேமிக்கும். நடுவில் நிறுத்தி, சேமித்து வெளியேறும் தேர்வைக் கொடுத்தால் அதுவரை பொறுக்கிய ஸ்டட்டும் ஒளிந்திருந்த துண்டுகளும் தங்கும்; லெவல் மட்டும் முதலிலிருந்து தொடங்கும். திடீரென்று கரண்ட் போனால் அதுவும் போச்சு. இடி கேட்க ஆரம்பித்ததும் வெளியேறிவிடுவது நல்லது. லெகோ வேர்ல்ட்ஸ் போன்றவை போகப்போகச் சேமித்துக்கொண்டே இருக்கும், நஷ்டம் குறைவு.

அதைவிடப் பெரிய ஆபத்து, சேமிக்கும் குறி திரையோரம் சுழலும்போது கரண்ட் போவது. கோப்பு பாதி எழுதியபடி நின்றால் கேம் அதைத் திறக்க மறுக்கும். சேமிப்புக் கோப்பு இருக்கும் ஃபோல்டரை வாரம் ஒரு முறை பென் டிரைவில் நகலெடுத்து வையுங்கள், அளவு சிறியதுதான்.

லேப்டாப் என்றால் பேட்டரியே யூபிஎஸ். மேசைக் கணினி என்றால் சாதாரண 600 விஏ யூபிஎஸ் சேமித்து மூடும் நேரத்தைக் கொடுக்கும். அதில் கணினியும் மானிட்டரும் மட்டும். குளிருக்கு வைத்திருக்கும் ரூம் ஹீட்டரை அதே யூபிஎஸ்ஸில் செருகினால் ஓவர்லோடு ஆகி எல்லாமே அணையும். ஹீட்டர் ஒன்றே 1,000 வாட்டுக்கு மேல் இழுக்கும்.

கேள்வி: வீட்டில் டவர் கிடைக்காது. ஊருக்குள் போனால்தான் நெட். எந்த லெகோ கேம் வாங்கலாம், எதைத் தொடக்கூடாது?
– ஆசிரியர், பந்தலூர்

தொடக்கூடாதது லெகோ ஃபோர்ட்நைட். 2023 டிசம்பரில் வந்தது, இலவசம், ஆனால் தனியாக ஆடினாலும் நெட் இல்லாமல் திறக்காது. சர்வரை நம்பும் வகைக்கு இன்னொரு குணமும் உண்டு: அவர்கள் மூடினால் உங்களுக்கும் மூடல். 2010 அக்டோபரில் தொடங்கிய லெகோ யுனிவர்ஸ் என்ற ஆன்லைன் உலகம் 2012 ஜனவரி 30 அன்று மூடப்பட்டது. பிள்ளைகள் அதற்குள் கட்டி வைத்ததெல்லாம் அத்தோடு சரி.

மற்ற கதை வகை, வேர்ல்ட்ஸ், பிரிக்டேல்ஸ் எல்லாம் ஒரு முறை இறக்கிவிட்டால் நெட் வேண்டாம். கணினி கேம்களை விற்கும் ஸ்டீம் தளத்தில் வாங்கினால் இந்த வரிசையைத் தவறவிடாதீர்கள். ஊருக்குள் இருக்கும்போதே கேமை முழுதாக இறக்குங்கள். அங்கேயே ஒரு முறை திறந்து மெனு வரை போங்கள். கூடுதலாக இறங்க வேண்டியவை அப்போதுதான் தெரியும். பிறகு ஸ்டீமை ஆஃப்லைன் முறைக்கு மாற்றிவிட்டு வீட்டுக்கு வாருங்கள். திறந்து பார்க்காமல் வந்து, வீட்டில் 'இணைப்பு தேவை' என்று நிற்பவர்கள்தான் அதிகம். சில வாரம் கழித்து நெட் கிடைத்ததும், கணினியில் உள்ள சேமிப்பா மேகத்தில் (ஸ்டீமின் சர்வரில்) உள்ள சேமிப்பா என்று கேட்கும். தேதி பார்த்துப் புதியதைத் தேர்ந்தெடுங்கள். அவசரத்தில் மாற்றி அழுத்தினால் ஆடியது அத்தனையும் அழியும்.

லெகோ ஸ்டார் வார்ஸ் வரிசையின் ஸ்கைவாக்கர் சாகாவுக்கு 40 ஜிபி இடம் கேட்கிறார்கள். மொபைல் டேட்டாவில் அதை முயல வேண்டாம்.

கேள்வி: லெகோ ஃபோர்ட்நைட்டில் பனிப் பகுதிக்குப் போனதும் இதயம் குறைந்து செத்துப்போகிறேன். ஏன்?
– பதினொன்றாம் வகுப்பு மாணவர், அருவங்காடு

குளிர். ஊட்டிப் பக்கத்துப் பிள்ளைக்கு இதைச் சொல்லித்தர வேண்டியிருக்கிறது! கையில் தீப்பந்தம் பிடியுங்கள், மிளகாய் சாப்பிடுங்கள். மிளகாய் சேர்த்த பர்கர் இன்னும் மேல். பாலைவனத்துக்கு இதன் மறுபக்கம், பனிப்பழம். கிளம்பும் முன் எல்லைக்கு அருகே ஒரு கட்டில் போட்டு வையுங்கள். செத்தால் அங்கேயே எழலாம். மூட்டை செத்த இடத்தில் கிடக்கும். அதை எடுக்க வெறுங்கையோடு ஓடினால் இரண்டாவது முறையும் சாவீர்கள்.

கேள்வி: அடிதடி இல்லாமல் மூளைக்கு வேலை தருவது?
– வாசகி, லவ்டேல்

பழையதில் 1999இன் ராக் ரெய்டர்ஸ், கணினிப் பதிப்பு. அது வியூக வகை: ஆட்களை இறக்கி, பாறை வெட்டி, தாதுவும் படிகமும் சேர்க்க வேண்டும். வெட்டிய சுவருக்கு முட்டுக் கொடுக்காவிட்டால் மண் சரிந்து பாதை அடைபடும். நம் ஊர்ச் சாலைகளைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. பிளேஸ்டேஷன் பதிப்பு அதே பெயரில் வேறு மாதிரியான கேம், ஏமாற வேண்டாம். புதியதில் பில்டர்ஸ் ஜர்னி: 2019இல் வந்தது, வார்த்தையே இல்லாத அமைதியான புதிர். சில மணி நேரத்தில் முடிந்துவிடும். விலை குறையும்போது வாங்குங்கள்.

கேள்வி: பிரிக்டேல்ஸில் என் பாலம் பார்க்கக் கச்சிதமாக இருக்கிறது, சோதனை ஓட்டத்தில் நடுவில் பிய்ந்துகொள்கிறது. கட்டையெல்லாம் தீர்த்தும் பார்த்துவிட்டேன்.
– பொறியியல் மாணவர், வெலிங்டன்

கட்டையைத் தீர்த்ததும் ஒரு காரணம்தான். இந்தக் கேம் எடையையும் பிடிப்பையும் கணக்குப் போடுகிறது. கூடுதலாக வைக்கும் ஒவ்வொன்றும் பாலத்துக்குச் சுமை.

பெரும்பாலும் பிய்வது மூட்டுக்கு மேல் மூட்டு வரும் இடத்தில். சுவர் எழுப்பும் கொத்தனார் கீழ் வரிசைச் செங்கல்கள் சேரும் இடத்தின் மேல் அடுத்த வரிசையின் நடுப்பகுதி உட்காரும்படி வைப்பார். அதையே செய்யுங்கள். கீழே 2×8 பிளேட்டுகளை (மெல்லிய தட்டைக் கட்டைகளை) வரிசையாக வைத்தால், மேல் வரிசையை 4 குமிழ் (கட்டையின் மேலிருக்கும் புடைப்பு) தள்ளித் தொடங்குங்கள். ஒவ்வொரு மூட்டையும் மேலே உள்ள பிளேட் இரு பக்கமும் 4 குமிழ் பிடிக்கும். ஒரே ஒரு குமிழ் வரிசையில் பிடித்திருக்கும் இடம் கீல் போல மடங்கும். இரண்டாவது பிடி இருந்தால்தான் இறுகும்.

நீளமான பிளேட்டைக் கரையில் வீணாக்காதீர்கள். வளைவு அதிகம் வருவது நடுவில். நீளமானது அங்கே போகட்டும், துண்டு துக்கடாவெல்லாம் கரையோரம். பள்ளத்தில் குமிழ் உள்ள திட்டு ஏதாவது காட்டியிருந்தால் அது தூண் வைக்கச் சொல்லும் ஜாடை. ஒரு பக்கம் மட்டும் பிடிமானம் உள்ள நீட்டலாக இருந்தால், பிடித்திருக்கும் பக்கத்தில் மேலிருந்தும் ஒரு பிளேட்டால் அமுக்குங்கள்.

இன்னொன்று கண் செய்யும் வஞ்சனை. ஒரே கோணத்திலிருந்து பார்த்து வைத்தால், சேர்ந்ததுபோலத் தெரியும் கட்டை ஒரு குமிழ் பின்னால் நிற்கும். போனில் விரலால் வைக்கும்போது இது அடிக்கடி. ஒவ்வொரு கட்டைக்கும் இல்லாவிட்டாலும், சோதனைக்கு முன் ஒரு முறை கேமராவை முழுச் சுற்றுச் சுற்றிவிடுங்கள். எதனோடும் ஒட்டாமல் நிற்கும் துண்டு அப்போது அகப்படும். அழகு பிறகு, புதிரை முடித்தால் கூடுதல் கட்டைகளோடு அதே இடத்தை மறுபடி கட்டலாம்.

கேள்வி: லெகோ ரேசர்ஸில் கடைசி ஆளை ஜெயிக்கவே முடியவில்லை.
– வாசகர், குன்னூர்

பாதையில் கிடக்கும் பச்சைக் கட்டை வேகம் தரும்; அதை எடுத்ததும் செலவழிக்காதீர்கள். வெள்ளைக் கட்டை மூன்று சேர்த்துவிட்டுப் பச்சையை எடுத்து அழுத்தினால் வெறும் வேகம் அல்ல, பாதையையே தாவும். நடுவில் சிவப்போ மஞ்சளோ மேல் இடித்தால் கையில் இருப்பது மாறிவிடும்; ஒதுங்கி ஓட்டுங்கள்.

கேள்வி: நம் மலை ரயிலைக் கணினியில் லெகோவாகக் கட்ட வேண்டும். எந்த மென்பொருள், என்ன அளவு? நான் கட்டியது ஒல்லியாக, உயரமாக, கோபுரம் மாதிரி வருகிறது.
– இருப்புப்பாதை ஆர்வலர், கேத்தி

விளையாட்டுக்குள் என்றால் வேர்ல்ட்ஸ்; அச்சு அசலாக, பாகக் கணக்கோடு என்றால் லெகோ பாகங்கள் விற்கும் தளமான பிரிக்லிங்கின் 'ஸ்டூடியோ' மென்பொருள், இலவசம். இரண்டிலும் கட்டையின் விகிதம் ஒன்றே.

கோபுரம் மாதிரி வருவதற்குக் காரணம், குமிழையும் கட்டையையும் ஒரே அளவாக எண்ணியது. ஒரு குமிழுக்கும் அடுத்ததற்கும் 8 மில்லிமீட்டர். கட்டையின் உயரம் 9.6. அதை மூன்றாகப் பிரித்தால் ஒரு பிளேட், 3.2. ஆகவே 6 குமிழ் நீளமும் 5 கட்டை உயரமும்தான் சமம், இரண்டும் 48 மில்லிமீட்டர். ஐந்துக்கு ஐந்து என்று எண்ணினால் ஐந்தில் ஒரு பங்கு உயரம் கூடிவிடும்.

அளவுக்கு நமக்கு ஓர் அதிர்ஷ்டம். நீலகிரி மலை ரயில் மீட்டர் கேஜ், அதாவது கம்பிகளின் இடைவெளி ஒரு மீட்டர். லெகோ தண்டவாளத்தின் இரு கம்பிகளுக்கு நடுவே 5 குமிழ் தூரம். எனவே 1 மீட்டருக்கு 5 குமிழ் என்று வைத்தால் தண்டவாளம் தானாகவே பொருந்திவிடும். உயரத்துக்கு 1 மீட்டர் என்பது பன்னிரண்டரை பிளேட். ஆனால் லெகோ பொம்மை மனிதர் 4 கட்டை உயரம்தான். இந்த அளவில் ஒரு மீட்டர் குழந்தையாகத் தெரிவார். பெட்டியில் ஆட்களை உட்கார வைக்க வேண்டும் என்றால் மீட்டருக்கு 3 குமிழ் என்று இறங்குங்கள். தண்டவாளத்தை நீங்களே 3 குமிழ் இடைவெளியில் கட்ட வேண்டியிருக்கும்.

ஏற்றம்: கல்லாறிலிருந்து குன்னூர் வரையில் உச்ச ஏற்றம் 12க்கு 1, அதாவது 12 அடி போனால் 1 அடி ஏறும். ஐந்து குமிழுக்கு ஒரு பிளேட் உயர்த்தினால் பன்னிரண்டரைக்கு 1 வரும். கண்ணுக்கு வித்தியாசம் தெரியாது. நேர்த் தண்டவாளத் துண்டு 16 குமிழ் நீளம். துண்டுக்கு ஒரு முழுக் கட்டை என்று உயர்த்தினால் 13க்கு 1 சொச்சம், வேலை எளிது. ஆனால் சமதளத்திலிருந்து நேரே ஏற்றத்துக்குப் போனால் மூட்டில் வாய் பிளக்கும். முதல் துண்டுக்கு ஒரு பிளேட், அடுத்ததற்கு இரண்டு, பிறகு மூன்று என்று பழக்குங்கள்.

ரயிலின் பற்சக்கரம் பிடித்து ஏற நடுவில் ஓடும் பல்தண்டவாளத்துக்கு லெகோவின் 1×4 பற்சட்டம் போதும், ஒவ்வொன்றிலும் 10 பல். அசலில் இரண்டு பற்சட்டங்கள் பக்கத்தில் பக்கத்தில், ஒன்றின் பல்லுக்கு எதிரே மற்றதன் பள்ளம் வரும்படி இருக்கும். ஒரு பல் விடும்போது இன்னொன்று பிடித்திருக்கும். லெகோவில் அந்தப் பாதிப் பல் தள்ளல் சரியாக வராது. ஜம்பர் பிளேட் (நடுவில் ஒற்றைக் குமிழ் உள்ளது) போட்டு அரைக் குமிழ் நகர்த்தினால் கால் பல் அளவே தள்ளும். படத்துக்கு அது போதும்.

கேத்தி நிலையத்தைச் செய்வதானால் பற்சட்டமே வேண்டாம். அது குன்னூரோடு முடிந்துவிடுகிறது. அதற்கு மேல் ஏற்றமும் மென்மை. பத்துக் குமிழுக்கு ஒரு பிளேட் வையுங்கள், மிச்சமாகும் பற்சட்டங்கள் குன்னூருக்குக் கீழே உள்ள ஹில்குரோவ் பக்கம் போகட்டும்.